மிஃபா: மூன்றாம் பிரிவிலிருந்து சூப்பர் லீக் வரை

மலேசிய இந்தியர் காற்பந்து சங்கத்தைச் சுருக்கமாக மிஃபா என்பார்கள். அதன் குழு எம்ஐஎஸ்சி-மிஃபா என்ற பெயரில் நாட்டின் மூன்றாம் பிரிவான எஃப்ஏஎம் லீக்கில் ஆடிவந்தது. அப்போது சங்கத்தின் தலைவர் டத்தோ டி.மோகன்.

இந்தியர்களுக்குத் தனிக் குழு எதற்கு என்று அன்று கேட்டவர்கள் உண்டு. 1972 மியூனிக் ஒலிம்பிக்கில் தேசியக் குழுவின் கேப்டன் எம்.சந்திரன். கோல் கம்பத்தின் முன் நின்ற ஆர்.ஆறுமுகத்தை நாடே 'ஸ்பைடர்மேன்' என்று அழைத்தது. 2010இல் ஆசியான் சுசுகி கிண்ணத்தை வென்ற குழுவின் பயிற்றுநர் கே.ராஜகோபால். இப்படிப்பட்ட வரலாறு இருந்தும், லீக் குழுக்களின் ஆட்டக்காரர் பட்டியலில் நம் பெயர்கள் குறைந்துகொண்டே வந்தன. தோட்டம் இருந்தவரை கோயில், தமிழ்ப்பள்ளி, திடல் மூன்றும் அருகருகே இருந்தன. பால்மரம் சீவி வந்தவர்கள் சாயங்காலம் அங்கேதான் பந்து உதைத்தார்கள். தோட்டங்கள் வீடமைப்புப் பகுதிகளாக மாறியபோது முதலில் போனது அந்தத் திடல்தான். அடுக்குமாடிக்குக் குடிவந்த பையனுக்குத் திறமை இருந்தாலும், அதைப் பார்க்க வரும் தேர்வாளர் யார்? மிஃபா நிரப்ப முயன்றது இந்த இடைவெளியைத்தான்.

2016 பருவத்தின் முடிவில் குழு பிரிமியர் லீக்கிற்கு முன்னேறியது. அங்கே இரண்டு பருவங்கள் ஆடி, 2019இல் சூப்பர் லீக்கில் கால்வைத்தது. மூன்று ஆண்டுகளில் இரண்டு படிகள்! பெரிய மாநிலக் குழுக்களே தடுமாறும் ஏற்றம் இது.

ஆனால் அந்த ஏற்றத்தோடு பெயரும் மாறியது. பெட்டாலிங் ஜெயா சிட்டி எஃப்சி என்ற புதிய பெயரில், கியூநெட் நிறுவனத்தின் ஆதரவோடு, கிளானா ஜெயாவிலுள்ள எம்பிபிஜே அரங்கத்தைத் தாயகமாகக் கொண்டு ஆடியது. முதல் பருவத்தில் பிரேசில் ஆட்டக்காரர்களும் இருந்தார்கள். எல்லா இனத்தவரும் ஆடிய குழுதான். என்றாலும் நம்மில் பலருக்கு அது கடைசி வரை மிஃபாதான்.

அதன் வரலாற்றில் என்னை மிகவும் கவர்ந்தது 2021ஆம் ஆண்டு. மற்ற குழுக்கள் வெளிநாட்டு ஆட்டக்காரர்களைக் கொண்டு கோல் தேடியபோது, பி.மணியம் பயிற்றுவித்த இந்தக் குழு முழுக்க முழுக்க உள்நாட்டு ஆட்டக்காரர்களுடனேயே களமிறங்கியது. கிண்ணம் எதுவும் வெல்லவில்லை. ஆனால் தரமிறங்காமல் சூப்பர் லீக்கில் நிலைத்தது.

2022 பருவம் முடிந்ததும் குழு லீக்கிலிருந்து விலகியது. அதே சமயம் மலாக்கா யுனைடெட், சரவாக் யுனைடெட் இரண்டும் உரிமம் கிடைக்காமல் வெளியேறின. பிஜே சிட்டியோ தானாகவே வெளியேறியது. 2023 சூப்பர் லீக் 14 குழுக்களுடன் தொடங்கியபோது அந்தப் பெயர் பட்டியலில் இல்லை. அங்கே வளர்ந்த ஆட்டக்காரர்கள் வேறு குழுக்களில் இடம் தேடிப் போனார்கள்.