அடிமாட்டு விலை – ஒரு சொல்லின் கதை

"அடிமாட்டு விலைக்குக் கேட்கிறாங்க." கிருஷ்ணகிரி மாவட்டத்தில் ஊத்தங்கரை, கல்லாவி, போச்சம்பள்ளி பக்கம் எந்தச் சந்தைக்குப் போனாலும் காதில் விழும் வாக்கியம் இது. மாங்காய் விற்பவரும் சொல்வார், தக்காளி விற்பவரும் சொல்வார், நிலம் விற்பவரும் சொல்வார். மாட்டுக்கும் மாங்காய்க்கும் என்ன சம்பந்தம் என்று யாரும் கேட்பதில்லை. அந்த அளவுக்கு இந்தச் சொல் பழகிவிட்டது.

விலை குறைவைச் சொல்ல தமிழில் வேறு வார்த்தைகள் இல்லையா? நிறையவே இருக்கின்றன. மலிவு, நயம், சல்லிசு, சகாய விலை, கொள்ளை மலிவு, தள்ளுபடி, அடிமட்ட விலை... எல்லை மாவட்டம் என்பதால் இங்கே கன்னடக்காரரின் 'அக்க', தெலுங்குக்காரரின் 'சவக' இரண்டும் சந்தையில் கலந்து கிடக்கும். இத்தனை இருந்தும் அடிமாட்டு விலை என்ற சொல்லின் இடத்தை வேறு எதுவும் பிடிக்கவில்லை. ஏன் என்று கொஞ்சம் பார்ப்போம்.

மலிவு என்றால் நிறைவு

முதலில் 'மலிவு'. இதன் வேர் 'மலி'. மலிதல் என்றால் நிறைதல், பெருகுதல். 'புகழ் மலிந்த' என்றால் புகழ் நிறைந்த என்று பொருள். அதாவது மலிவு என்ற சொல் முதலில் விலையைக் குறிக்கவே இல்லை. பொருள் ஏராளமாக இருப்பதைத்தான் குறித்தது. ஏராளமாக இருந்தால் விலை இறங்கும். பொருளாதாரப் புத்தகத்தில் நாம் வரைபடம் போட்டுப் படிக்கும் விதியை இந்த ஒரே சொல் சொல்லிவிடுகிறது. 

'சகாய விலை'யும் சுவையானது. சகாயம் என்றால் உதவி. கடைக்காரர் வாங்குபவருக்கு உதவி செய்கிறாராம்! 'நயம்' இன்னும் வேடிக்கை. 'நயம் எண்ணெய்' என்றால் தரமான எண்ணெய், 'நயமான விலை' என்றால் குறைந்த விலை. நல்லது, குறைந்தது இரண்டையும் ஒரே சொல் தாங்குகிறது.

இந்தச் சொற்கள் எல்லாவற்றிலும் ஓர் ஒற்றுமை உண்டு. இவை வாங்குகிறவரின் சொற்கள். கடையிலிருந்து பையோடு வீட்டுக்கு வந்தவர், "மலிவாக் கிடைச்சுது" என்பார். விற்றவர் தன் வீட்டுக்குப் போய் "மலிவாக் கொடுத்தேன்" என்று சந்தோஷமாகச் சொல்வதில்லை. அவர் சொல்வது "அடிமாட்டு விலைக்குப் போச்சு."

அடிமாடு எது?

தமிழில் 'அடித்தல்' என்பதற்கு அறுத்தல், கொல்லுதல் என்றும் பொருள் உண்டு. 'கிடா அடித்தார்கள்' என்றால் குச்சியால் அடித்தார்கள் என்று அர்த்தமில்லை. அப்படித்தான் அடிமாடு என்பது இறைச்சிக்காக விற்கப்படும் மாடு. இலக்கண வகுப்பில் படித்ததை நினைவுபடுத்திக் கொண்டால் இது வினைத்தொகை. விலை என்ற சொல்லோடு சேரும்போது 'மாடு' என்பது 'மாட்டு' என்று இரட்டிக்கும். வீடு 'வீட்டு' ஆவது போல. ஆகவே 'அடிமாட்டு விலை' என்பது 'அடிமட்ட விலை'யின் கொச்சை அல்ல. சிலர் அப்படி நினைத்துத் திருத்துகிறார்கள். அடிமட்டம் என்றால் கீழ்மட்டம். அது தனிச்சொல், இது தனிச்சொல்.

சந்தையில் உழவு மாட்டுக்கு விலை பேசுவது பெரிய கலை. பல்லைப் பிடித்துப் பார்த்து வயது சொல்வார்கள். சுழி பார்ப்பார்கள், கொம்பு பார்ப்பார்கள், நடக்கவிட்டுப் பார்ப்பார்கள். தரகரும் வியாபாரியும் துண்டுக்கு அடியில் கையை விட்டு விரல்களைப் பிடித்தே விலை பேசுவார்கள். பக்கத்தில் நிற்பவருக்குக்கூடத் தெரியாது. தர்மபுரி, கிருஷ்ணகிரிப் பகுதியின் ஆலம்பாடி மாடும் எல்லைக்கு அப்பாலிருந்து வரும் ஹள்ளிகார் மாடும் இப்படிப் பார்த்துப் பார்த்து வாங்கப்பட்டவை. போச்சம்பள்ளியின் ஞாயிற்றுக்கிழமைச் சந்தையும் குந்தாரப்பள்ளியின் வெள்ளிக்கிழமைச் சந்தையும் இந்த வட்டாரத்தில் பேர் பெற்றவை.

அதே மாடு கிழடாகிவிட்டால்? சுழியும் வேண்டாம், நடையும் வேண்டாம். எத்தனை கிலோ தேறும் என்பது மட்டுமே கணக்கு. பத்து வருடம் உழுத உழைப்புக்கு அந்தக் கணக்கில் இடமே இல்லை. விற்பவரும் பேரம் பேச முடியாது. இன்னொரு மாதம் வைத்திருந்தால் விலை ஏறாது, தீவனச் செலவுதான் ஏறும். வாங்க வந்தவருக்கும் அது தெரியும்.

இந்தச் சொல்லின் முழு அர்த்தம் இங்கேதான் இருக்கிறது. வெறுமனே 'ரொம்பக் குறைந்த விலை' அல்ல. மூன்று விஷயங்கள் சேர வேண்டும். விற்பவர் காத்திருக்க முடியாது. அது வாங்குபவருக்குத் தெரியும். பொருளின் உண்மையான பயன் கணக்கில் வராது. இந்த மூன்றும் சேர்ந்தால் மாங்காயும் அடிமாடுதான், நிலமும் அடிமாடுதான்.

ஒரே விலை, இரண்டு பெயர்

இதற்கு நல்ல உதாரணம் பட்டு. ஓசூர், கிருஷ்ணகிரி, தர்மபுரி பகுதிகள் தமிழ்நாட்டில் மல்பெரி வளர்ப்புக்கும் பட்டுக்கூட்டுக்கும் பெயர் பெற்றவை. எல்லையைத் தாண்டினால் கர்நாடகத்தின் ராமநகரத்தில் மிகப்பெரிய பட்டுக்கூடு சந்தை. இரண்டாயிரமாவது ஆண்டை ஒட்டிய காலத்தில் சீனக் கச்சாப் பட்டு மிகக் குறைந்த விலையில் இந்தியாவுக்குள் வந்து குவிந்தது. நெசவாளருக்கு அது மலிவு. கூடு வளர்ப்பவருக்கு அதுவே அடிமாட்டு விலை. பட்டுக்கூட்டையும் வைத்துக் காத்திருக்க முடியாது. சில நாட்களில் அந்துப்பூச்சி கூட்டைத் துளைத்துக் கொண்டு வெளியே வந்துவிடும், பிறகு நூல் எடுக்க உதவாது. கடைசியில் 2003-ல் மத்திய அரசு சீனக் கச்சாப் பட்டுக்குப் பொருள்குவிப்புத் தடுப்பு வரி விதித்தது.

விலையை இறக்குவது சில சமயம் ஆயுதமாகவும் இருக்கும். 1906-ல் வ.உ.சிதம்பரம் பிள்ளை தூத்துக்குடியில் சுதேசி ஸ்டீம் நேவிகேஷன் கம்பெனியைத் தொடங்கினார். அதுவரை தூத்துக்குடி–கொழும்புப் பாதையில் கோலோச்சிய பிரிட்டிஷ் இந்தியா கம்பெனி என்ன செய்தது? கட்டணத்தை ஆளுக்கு ஒரு ரூபாயாகக் குறைத்தது. சுதேசி கம்பெனி எட்டணா என்றது. வெள்ளைக்காரக் கம்பெனி இலவசப் பயணம் என்றது, கூடவே ஒரு குடையும் கொடுத்தது. 1908-ல் வ.உ.சி. சிறைக்குப் போனார், 1911-ல் கம்பெனி கலைக்கப்பட்டது. போட்டியாளரை ஒழிப்பதற்காக அடக்க விலைக்குக் கீழே விற்பதை இன்று 2002-ஆம் ஆண்டின் போட்டிச் சட்டம் தடுக்கிறது. அன்றைக்கு அப்படி ஒரு சட்டம் இல்லை.

பத்திரத்தில் எழுதும் விலை

இதுவரை பார்த்தது மற்றவர்கள் நம் பொருளுக்குக் குறைத்து விலை வைப்பது. நாமே நம் பொருளுக்குக் குறைத்து விலை எழுதுவதும் உண்டு. அதுதான் நிலப் பத்திரம்.

நிலம் கைமாறும்போது முத்திரைத்தீர்வையும் பதிவுக்கட்டணமும் கட்ட வேண்டும். அதை மிச்சப்படுத்த, கொடுத்த விலையை விடக் குறைத்து எழுதுவது பழைய வழக்கம். இதைத் தடுக்கவே 1967-ல் இந்திய முத்திரைச் சட்டத்தில் தமிழ்நாடு 47ஏ என்ற பிரிவைச் சேர்த்தது. மதிப்பு குறைவு என்று சார்பதிவாளர் கருதினால் பத்திரம் தனித்துணை ஆட்சியரின் விசாரணைக்குப் போகும். பதிவு அலுவலக வாசலில் "47ஏ-ல போட்டுட்டாங்க" என்று பேசிக்கொள்வது இதைத்தான். அரசின் வழிகாட்டி மதிப்பும் இதற்கு உதவவே வந்தது. ஆனால் மக்கள் அதையே பிடித்துக்கொண்டு, நிஜ விலை எவ்வளவு ஆனாலும் வழிகாட்டி மதிப்பை மட்டும் எழுதப் பழகிக்கொண்டார்கள். அந்த மதிப்பும் நிலையாக இருந்ததில்லை. 2017-ல் அரசு அதை 33 சதவீதம் குறைத்து, பதிவுக்கட்டணத்தை 1-லிருந்து 4 சதவீதமாக ஏற்றியது. 2023-ல் அந்தக் குறைப்பை நீக்கி, கட்டணத்தை 2 சதவீதமாக இறக்கியது.

இதில் என்ன நஷ்டம், கட்டணம் மிச்சம்தானே என்று தோன்றும். நஷ்டம் சில வருடம் கழித்து வருகிறது. இந்த மாவட்டம் தொழிற்சாலைகளின் மாவட்டம். எழுபதுகளில் ஓசூரில் சிப்காட் வந்தது. பிறகு பர்கூர், போச்சம்பள்ளி என்று விரிந்தது. போச்சம்பள்ளியில் ஓலா மின்சார ஸ்கூட்டர் ஆலைக்கு 2020 டிசம்பரில் ஒப்பந்தம் போடப்பட்டது. தொழிற்பேட்டைக்கோ சாலைக்கோ நிலம் எடுக்கும்போது இழப்பீடு எதை வைத்துக் கணக்கிடுவார்கள்? 2013-ஆம் ஆண்டின் நிலம் கையகப்படுத்தும் சட்டப்படி, முத்திரைச் சட்ட மதிப்பையும், அக்கம்பக்கத்தில் முந்தைய மூன்று ஆண்டுகளில் பதிவான பத்திரங்களில் விலை கூடிய பாதியின் சராசரியையும் பார்த்து, எது அதிகமோ அதை எடுப்பார்கள்.

ஊரில் எல்லோரும் குறைத்தே எழுதியிருந்தால் சராசரியும் குறைவாகத்தானே வரும்? அன்று சில ஆயிரம் மிச்சம் பிடித்த கையெழுத்து, பின்னால் பக்கத்து நிலத்துக்காரரின் லட்சங்களைத் தின்றுவிடுகிறது. குறைத்து எழுதாதவருக்கும் சேர்த்தே தண்டனை. "என் நிலத்தை அடிமாட்டு விலைக்கு எடுத்துக்கிட்டாங்க" என்று அரசைத் திட்டும்போது, அந்த விலையை முதலில் எழுதியது யார் என்பதையும் யோசிக்க வேண்டும்.

அதற்கும் கீழே

அடிமாட்டு விலைதான் இருப்பதிலேயே கீழான விலையா? சொல்லைக் கேட்டால் அப்படித்தான் தோன்றும். ஆனால் உண்மை வேறு.

தமிழ்நாட்டில் 1958-ஆம் ஆண்டின் விலங்குகள் பாதுகாப்புச் சட்டப்படி, பத்து வயதைத் தாண்டி, வேலைக்கும் இனவிருத்திக்கும் உதவாத மாட்டைச் சான்றிதழோடு அறுக்கலாம். 2017 மே 23-ல் மத்திய அரசு, கால்நடைச் சந்தைகளில் இறைச்சிக்காக மாடு விற்பதையே தடுக்கும் விதிகளைக் கொண்டுவந்தது. ஒரே வாரத்தில், மே 30-ல், சென்னை உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளை அதற்கு இடைக்காலத் தடை போட்டது. ஜூலையில் உச்சநீதிமன்றம் அந்தத் தடையை நாடு முழுவதற்கும் நீட்டித்தது. இந்த வழக்கின் மத, அரசியல் பக்கங்களைப் பலரும் பேசினார்கள். விவசாயி கேட்டது வேறு கேள்வி: கிழட்டு மாட்டை வாங்க ஆளே இல்லை என்றால் அதற்குத் தீவனம் யார் போடுவது? அந்த மாட்டை விற்று வரும் பணத்தோடு இன்னும் கொஞ்சம் போட்டுத்தான் அடுத்த மாடு வாங்க வேண்டும். அடிமாட்டு விலை இழிவான விலைதான். ஆனால் அது ஒரு தரை. அதற்குக் கீழே விழாமல் பிடித்து நிறுத்தியதும் அதுதான்.

தக்காளிக்கு அந்தத் தரைகூட இல்லை. 2023 ஜூலையில் கிலோ 100 ரூபாயைத் தாண்டி, ரேஷன் கடையில் 60 ரூபாய்க்கு அரசே விற்ற தக்காளி, செப்டம்பரில் கேட்பாரற்றுப் போனது. விலை விழும்போது ராயக்கோட்டை, பாலக்கோடு பக்கம் தக்காளியைச் சாலையோரம் கொட்டுவதும் செடியிலேயே விட்டுவிடுவதும் நாம் செய்திகளில் பார்க்கும் காட்சி. பறிக்கும் கூலியும் வண்டி வாடகையும் கூடத் தேறாது என்றால் வேறு என்ன செய்ய முடியும்?

மாங்காயின் கதையும் அதேதான். கிருஷ்ணகிரியின் பெங்களூரா மாங்காய், அதாவது தோத்தாபுரி, பெரும்பாலும் கூழ் ஆலைகளை நம்பியிருக்கிறது. ஆலை வாங்காவிட்டால் அத்தனையையும் கடையில் பழமாக விற்க முடியாது. 2025-ல் விளைச்சல் மலிந்தது. விலை கிலோ 5 ரூபாய் அளவுக்கு விழுந்தது. ஆலைகள் நிறைந்த ஆந்திராவின் சித்தூர் மாவட்டம், தன் விவசாயிகளைக் காப்பாற்ற ஜூன் மாதம் வெளிமாநிலத் தோத்தாபுரி உள்ளே வரத் தடை விதித்தது. தன் விவசாயிக்கு ஆந்திர அரசு வைத்த விலை, ஆலை 8 ரூபாயும் அரசு 4 ரூபாயுமாகக் கிலோவுக்கு 12 ரூபாய். எல்லைக்கு இந்தப் பக்கம் அந்தத் தரை இல்லை.

நெல்லுக்கும் நிலக்கடலைக்கும் குறைந்தபட்ச ஆதரவு விலை அறிவிக்கிறார்கள். தக்காளிக்கும் மாங்காய்க்கும் அப்படி எதுவும் கிடையாது. ஆனால் முடியாத காரியம் அல்ல. 2020 நவம்பரில் கேரள அரசு 16 வகைக் காய்கறி, பழங்களுக்கு அடிப்படை விலை நிர்ணயித்தது.

"குறைத்து எடை போடாதே" என்று தமிழில் சொல்வோம். மனிதரை மதிப்பதற்கும் நமக்குச் சந்தைத் தராசுதான் உவமை. கல்லாவிக்காரர் மாங்காய்க் கூடையை இறக்கிவைத்து "அடிமாட்டு விலைக்குக் கேட்கிறாங்க" என்று சொல்லும்போது, பழத்தைப் பற்றி மட்டும் சொல்லவில்லை. தன்னால் காத்திருக்க முடியாது என்பது எதிரே நிற்பவனுக்குத் தெரிந்துவிட்டது என்பதையும் சேர்த்துத்தான் சொல்கிறார். அடுத்த முறை "அட, இவ்வளவு மலிவா!" என்று பையை நீட்டும்போது, அதே விலைக்கு இன்னொரு பெயரும் இருக்கிறது என்பதை நினைத்துக் கொள்ளலாம்.