‘அன்பளிப்பு’ என்றொரு சமையற்காரர்

கி.பி. 5000-இல் சென்னையில் ஓர் அடுக்குமாடி வீட்டைத் தோண்டுகிறார்கள் என்று வைத்துக்கொள்வோம். காகிதமும் துணியும் மக்கிப் போயிருக்கும். எவர்சில்வர் மிஞ்சும். குடம், தூக்கு, சம்படம், டபரா என எடுத்து அடுக்கி, அவற்றில் வெட்டியிருக்கும் பெயர்களைப் படிப்பார்கள். வீட்டுக்காரர் பெயர், அவர் அப்பா பெயர், கல்யாணத்துக்குப் பாத்திரம் வாங்கி வந்த மாமாக்கள், சித்தப்பாக்கள் பெயர். ஆய்வறிக்கை இப்படி முடியும்: “இங்கே பதினோரு ஆண்கள் சமைத்திருக்கிறார்கள். ‘அன்பளிப்பு’ என்பவர் தலைமைச் சமையற்காரர். ஊரெங்கும் அவருக்கு வேலை இருந்திருக்கிறது. பெண்கள் அடுப்படிக்கு வந்ததற்குச் சான்றில்லை.”

சிரிப்பாகத்தான் இருக்கிறது. ஆனால் இப்படி வாசிப்பதற்கு மூவாயிரம் ஆண்டுகள் காத்திருக்க வேண்டியதில்லை.

சுவீடனின் பிர்க்காவில், பத்தாம் நூற்றாண்டுக் கல்லறை ஒன்றை 1878-இல் யால்மர் ஸ்டோல்ப்பே தோண்டினார். வாள், கோடரி, ஈட்டி, அம்புகள், இரண்டு குதிரைகள், பலகை ஆட்டக் காய்கள். படைவீரர், ஆகவே ஆண் என்று முடிவானது. எலும்புகள் பெண்ணுடையவை என்று மரபணுச் சோதனை 2017-இல் காட்டியது. உடனே கேள்விகள் கிளம்பின: எலும்புகள் மாறிவிட்டனவா? ஆயுதங்கள் உண்மையில் அவளுடையவைதானா? அங்கே கிடந்தவர் ஆண் என்றிருந்த நூற்று முப்பத்தொன்பது ஆண்டுகளும் வாள் அவருடையதுதானா என்ற சந்தேகம் பெரிதாக எழவில்லை. பெண் என்றானதும் வாளுக்கு ரசீது தேவைப்பட்டது.

நம் கீழடிக்கு வருவோம். அங்கே கிடைத்த பானை ஓடுகளில் ஆதன், குவிரன் என்ற பெயர்கள் தமிழி எழுத்தில் கீறப்பட்டிருக்கின்றன. எழுத்தறிவுக்குச் சான்று என்று மகிழ்கிறோம், மகிழ வேண்டியதுதான். ஆனால் அந்தப் பானையில் உலை வைத்தவர் யார், கரி போகத் தேய்த்தவர் யார் என்று அந்த எழுத்து சொல்வதில்லை. பெயர் கல்வெட்டிலும் ஓட்டிலும் தங்கிவிடுகிறது. தினமும் செய்த வேலை, அன்றன்றே தின்று தீர்ந்துவிடுகிறது. மிஞ்சியதை மட்டும் வைத்து வரலாறு எழுதினால், உழைத்தவள் அதில் இருக்கமாட்டாள்.

அடுத்த முறை பாத்திரக் கடையில் “என்ன பேர் வெட்டணும்?” என்று கேட்டால், உங்கள் பெயரைச் சொல்லுங்கள். எழுத்துப் பிழையாக இருக்கலாம் என்று 5000-இல் ஓர் அறிஞர் சந்தேகப்படுவார். படட்டும்.