டோரு டகேமிட்சு

டோரு டகேமிட்சு (அக்டோபர் 8, 1930 - பிப்ரவரி 20, 1996) ஜப்பானிய இசையமைப்பாளர். மேற்கத்திய இசைக்குழுக்களுக்கும் 90-க்கும் மேற்பட்ட திரைப்படங்களுக்கும் இசையமைத்தவர். இளமையில் வெறுத்து ஒதுக்கிய ஜப்பானிய மரபிசைக்குத் திரைப்பட ஒலிச்சோதனைகளின் வழியாக நெருங்கி வந்தார்.

பிறப்பு, இளமை

டோக்கியோவில் பிறந்தார். குழந்தைப்பருவம் மஞ்சூரியாவின் டாலியன் நகரில் கழிந்தது. பள்ளிக் கல்விக்காக 1938-ல் ஜப்பான் திரும்பினார். 1944-ல், தன் 14-ஆம் வயதில், போர்ப்பணியில் சேர்க்கப்பட்டார். மேலை இசை தடைசெய்யப்பட்டிருந்த அந்த முகாமில் பயிற்சி அதிகாரி ஒருவர் ரகசியமாக ஒலிக்கவிட்ட பிரெஞ்சுப் பாடல் அவரை இசையை நோக்கித் திருப்பியது. ஜப்பானிய இசையோ போரின் கசப்பையே நினைவூட்டியது. யசுஜி கியோசேயிடம் சிறிது காலம் பயின்றது தவிர, இசையைத் தானாகவே கற்றுக்கொண்டார்.

ஜிக்கென் கோபோ

1950-ல் அரங்கேறிய அவருடைய பியானோ படைப்பை ஒரு விமர்சகர் ‘இசைக்கு முந்தைய நிலை’ என்று ஒதுக்கினார். மறுஆண்டு, கவிஞர் ஷூசோ டகிகுச்சியின் வழிகாட்டலில், ஓவியர்களும் இசைஞர்களும் இணைந்து தொடங்கிய ‘ஜிக்கென் கோபோ’ (சோதனைப் பட்டறை) குழுவில் பங்கேற்றார். நடனம், ஒளிப்படம், ஒலிநாடா ஆகியவற்றை இக்குழு ஒரே மேடையில் இணைத்தது. 1957-ல் எழுதிய ‘ரெக்வியம்’ என்னும் நரம்பிசைப் படைப்பை 1959-ல் ஜப்பான் வந்த ஸ்ட்ராவின்ஸ்கி தற்செயலாகக் கேட்டுப் பாராட்டினார். அதன்பின் டகேமிட்சு உலக அளவில் கவனிக்கப்பட்டார்.

திரைப்படங்கள்

புன்ராக்கு பொம்மலாட்டத்தின் இசை டகேமிட்சுவை மரபின் பக்கம் திருப்பியது. அமெரிக்க இசையமைப்பாளர் ஜான் கேஜின் சிந்தனைகள் அதை உறுதிப்படுத்தின. இந்த ஈடுபாட்டைச் சோதித்துப் பார்க்கத் திரைப்படம் இடமளித்தது. மசாகி கோபயாஷியின் ‘ஹராகிரி’ (1962) படத்தில் பீவா என்னும் நரம்புக் கருவியைப் பயன்படுத்தினார். அதன் ‘சவாரி’ என்னும் அதிர்வொலி, தம்புராவின் குதிரையில் நூல் வைத்து எழுப்பும் ரீங்காரத்தை ஒத்தது. ‘க்வைதான்’ (1964) படத்தில் மரம் பிளக்கும் ஓசையையே இசையாக்கினார். காட்சியோடு பொருந்தாமல் அந்த ஓசை விலகி ஒலிப்பதே அச்சத்தை உண்டாக்குகிறது.

அகிரா குரோசாவாவின் ‘ரான்’ (1985) படத்தில் கோட்டை தாக்கப்படும் நீண்ட காட்சியில் வாளோசையோ அலறலோ கேட்பதில்லை. இசை மட்டுமே ஒலிக்கிறது.

நவம்பர் ஸ்டெப்ஸ்

நியூயார்க் பில்ஹார்மோனிக் இசைக்குழுவின் 125-ஆம் ஆண்டையொட்டி எழுதப்பட்ட ‘நவம்பர் ஸ்டெப்ஸ்’ நவம்பர் 9, 1967 அன்று செய்ஜி ஒசாவா நடத்த அரங்கேறியது. பீவாவும் ஷாகுஹாச்சி என்னும் மூங்கில் குழலும் இதில் மேற்கத்திய இசைக்குழுவுடன் கலந்துவிடுவதில்லை. பெரும்பாலும் மாறிமாறி ஒலிக்கின்றன. இரு மரபுகளையும் ஒன்றாக்காமல், அவற்றின் வேறுபாட்டையே கேட்கச் செய்தார்.

விருது, மறைவு

1994-ல் கிராவமெயர் விருது பெற்றார். பிப்ரவரி 20, 1996 அன்று டோக்கியோவில் மறைந்தார்.

இசையில் இடம்

திரையிசையைப் பிழைப்புக்கான துணைத்தொழிலாக டகேமிட்சு கருதவில்லை. பீவாவை அவர் முதலில் திரையில் ஒலிக்கச் செய்து, பின்னரே நியூயார்க் மேடைக்குக் கொண்டுசென்றார். ‘இசைக்கு முந்தைய நிலை’ என்று ஒதுக்கப்பட்டவர், மரம் பிளக்கும் ஓசையையும் மௌனத்தையும் இசைக்குள் கொண்டுவந்தவராக இன்று மதிப்பிடப்படுகிறார்.