மல்லாரி

கோயிலில் சுவாமி புறப்படும்போது நாகசுரத்திலும் தவிலிலும் வாசிக்கப்படும் சடங்கு இசை உருப்படி மல்லாரி. இதற்குச் சாகித்தியம் கிடையாது. குரு தத்தகாரமாகச் சொல்லிக் கொடுப்பார். சீடன் கையில் தாளம் போட்டு வாய்ப்பாடமாக்கிக்கொண்ட பிறகே குழலைத் தொடுவான். ராகம் கம்பீர நாட்டை. பாட்டு இல்லாத இந்த உருப்படிதான் பெரிய மேளக்காரர்களின் மரபில் தலைமையிடம் பெற்றது.

கம்பீர நாட்டை, 36-ஆவது மேளகர்த்தாவான சலநாட்டையின் ஜன்யம். ச, க, ம, ப, நி என்று ஐந்தே சுரங்கள். ஏறும்போதும் அவையே, இறங்கும்போதும் அவையே. ரிஷபமும் தைவதமும் இல்லாததால் சுரத்துக்குச் சுரம் தாவ வேண்டியிருக்கிறது. குழைவுக்கு அதிகம் இடமில்லை, நிமிர்வுக்கு நிறைய உண்டு. திறந்த வெளியில், கூட்டத்துக்கு மேலாகக் கேட்க வேண்டிய இசைக்கு இதைவிடப் பொருத்தமான ராகம் அமைவது கடினம்.

முதலில் தவில்தான் பேசும். அலாரிப்பு எனப்படும் தவில் வாசிப்பு முடிந்ததும் நாகசுரம் மல்லாரியை எடுக்கும். கீழே தாளம் மாறாமல் போய்க்கொண்டிருக்க, மேலே அதே வடிவம் முதலில் விளம்பமாகவும், பிறகு இரண்டாம் காலத்திலும், அடுத்து மூன்றாம் காலத்திலும் வரும். நடுவே திசிரமும் உண்டு. கேட்பவருக்கு வேகம் கூடுவதாகத் தோன்றும். தாளக்காரரின் கையைப் பார்த்தால் அது மாறாமல் அதே நிதானத்தில் தட்டிக்கொண்டிருக்கும். வலக்கை விரல்களில் கூடு மாட்டி, இடக்கையில் கழி பிடித்து வாசிக்கும் தவில்காரர், நாயனம் விடும் இடைவெளி ஒவ்வொன்றையும் நிரப்புவார். மல்லாரியில் தவில் பக்கவாத்தியம் என்று சொல்வது சரியாகாது. பாதிப் பங்கு அதனுடையது.

எந்த மல்லாரி என்பதை நடக்கிற காரியம் தீர்மானிக்கும். அபிஷேகத்துக்குத் தீர்த்தம் வரும்போது தீர்த்த மல்லாரி. மடைப்பள்ளியிலிருந்து நைவேத்தியம் வரும்போது தளிகை மல்லாரி. கும்பத்துக்குக் கும்ப மல்லாரி. தேருக்குத் தேர் மல்லாரி. திரிபுட தாள மல்லாரி, சின்ன மல்லாரி, பெரிய மல்லாரி என்றும் உண்டு. மடைப்பள்ளி எந்தத் திசையில் இருக்கிறது என்று தெரியாதவருக்கும், தளிகை கிளம்பிவிட்டது என்பது காதிலேயே தெரிந்துவிடும். கடிகாரமும் ஒலிபெருக்கியும் இல்லாத காலத்தில் ஊருக்கு அதுவே அறிவிப்பு. சுவாமி கோபுர வாசலைத் தாண்டி வீதிக்கு வந்த பின் ராக ஆலாபனை, பல்லவி, கீர்த்தனை என்று கச்சேரி விரியும். இரவு பள்ளியறையில் நீலாம்பரி. இப்படி வேளைக்கொரு ராகம், இடத்துக்கொரு உருப்படி என்ற முறையைத் திருவாரூர் தியாகராஜர் கோயிலில் வகுத்துத் தந்தவர் முத்துசுவாமி தீட்சிதரின் தந்தை ராமசுவாமி தீட்சிதர் என்பது மரபு.

இருபதாம் நூற்றாண்டில் மல்லாரி கோயிலைவிட்டு மேடைக்கும் வந்தது. பரதநாட்டிய நிகழ்ச்சிகள் பல இன்று மல்லாரியோடு தொடங்குகின்றன. பல்லக்கைத் தோளில் தாங்கும் பாவனையை அரங்கில் பார்க்க அழகாகவே இருக்கிறது. ஆனால் அங்கே மல்லாரி புறப்பாட்டை நினைவூட்டுகிறது, அவ்வளவுதான். கோயிலில் அது புறப்பாட்டின் ஓர் அங்கம்.

கடல் கடந்த மலேசியாவிலும் மல்லாரிக்கு இடம் உண்டு. அங்கே பினாங்கில் இந்த இசைக்கு உரிய பெருநாள் தைப்பூசம். அதற்கு முந்தின நாள், செட்டிப்பூசத்தன்று விடியலில், பினாங்கு ஸ்திரீட் கோவில் வீட்டிலிருந்து நாட்டுக்கோட்டை நகரத்தாரின் வெள்ளி ரதம் தண்ணீர்மலை முருகன் கோயிலை நோக்கிக் கிளம்பும். 2017 முதல் குயின் ஸ்திரீட் மகா மாரியம்மன் கோயிலிலிருந்து தங்க ரதமும் போகிறது. எதிர்க்கரையில் பட்டர்வொர்த், மாக் மண்டின் வட்டாரத்துத் தமிழர்கள் ஃபெர்ரியிலும் பாலத்திலுமாக வந்து சேர்வார்கள். ரதம் நகரத் தொடங்கினால் வழிநெடுகத் தேங்காய்க் குவியல்கள். உடைத்த ஓடுகளுக்கு நடுவே கால் பார்த்து வைத்தபடி, சீவாளியை உதட்டில் ஈரப்படுத்திக்கொண்டு நாயனக்காரர் நடப்பார். மலேசியக் கோயில்களில் வாசிப்பவர்களில் தமிழ்நாட்டிலிருந்தும் இலங்கையிலிருந்தும் வருவோர் பலர். உள்ளூர்ப் பிள்ளைகள் உறுமி மேளத்தைக் கற்கும் ஆர்வத்தோடு நாகசுரத்துக்கு வருவதில்லை. உறுமியில் ஒரு வருடத்தில் ஊர்வலத்தில் இறங்கிவிடலாம். நாகசுரத்தில் சுருதி நிற்கவே அதைவிட நாளாகும்.

சுவாமி ரதமேறும் கட்டத்துக்கு உரிய இசை மல்லாரி. அதைக் கேட்கவிடாமல் செய்வது பெரும்பாலும் பக்கத்துத் தண்ணீர்ப் பந்தலின் ஒலிபெருக்கிதான். பந்தல் போடுகிறவர்களுக்கு ஒரு வேண்டுகோள்: ரதம் கிளம்பும் அந்தக் கால் மணி நேரத்துக்கு மட்டும் பாட்டை நிறுத்தி வையுங்கள். மோருக்கு வரிசையில் நிற்கிறவர்கள் எங்கும் போய்விட மாட்டார்கள்.