துளசியும் மிளகாயும்

பாலவாக்கத்துக் குப்பத்தில் விடிந்த சிறிது நேரத்துக்கெல்லாம் படகுகள் கரைக்கு வந்துவிடும். அன்று இறால் நன்றாகக் கிடைத்திருந்தது. "இப்பத்தான் வலையிலேர்ந்து எடுத்த எறா, ஐயா!" என்றாள் மீன்காரம்மா. அரைக் கிலோ வாங்கிக்கொண்டு உற்சாகமாக வீடு திரும்பினேன்.

உற்சாகத்துக்குக் காரணம் உண்டு. இரண்டு வருஷம் பாங்காக்கில் இருந்துவிட்டு வந்த என் மகள், அந்த ஊர் இறால் வறுவல் ஒன்றின் பக்குவத்தைச் சொல்லியிருந்தாள். நான் அதை ஒரு பழைய உறையின் முதுகில் குறித்து வைத்திருந்தேன். வாணலி புகைகிற வரையில் காய வேண்டும். எண்ணெயில் இடித்த பூண்டும் மிளகாயும். உடனே இறால். அது சிவந்து சுருண்டதும், உப்பிட்ட மீனை மாதக்கணக்கில் ஊறவைத்து வடித்த நீர் ஒரு கரண்டி. சர்க்கரை ஒரு சிட்டிகை. கடைசியில் ஒரு கைப்பிடி துளசி. ஐந்து நிமிஷத்தில் இறக்கிவிட வேண்டும். தாமதித்தால் இறால் ரப்பராகிவிடும்.

துளசி பறிக்கப் பின்கட்டுக்குப் போனேன். மாடத்தின் முன்னால் என் மனைவி நின்றுகொண்டிருந்தாள்.

"எதுக்கு?"

சொன்னேன்.

"இறாலுக்கா? இதையா?" என்றாள். அவ்வளவுதான். சனிக்கிழமைகளில் எங்கள் வீட்டில் மீன் வாசனையே கூடாது. மற்ற நாட்களில் அவள் வைக்கும் இறால் தொக்குக்கு ஈடு கிடையாது. ஆனால் இரண்டுக்கும் நடுவில் ஒரு கோடு இருந்தது. அந்தக் கோடு துளசி மாடத்தைச் சுற்றிப் போயிற்று.

வாதத்தில் தோற்றுப் பழகியவன்தான் நான். ஆனால் அன்று என் பக்கம் சரித்திரம் இருந்தது.

"மிளகாய் யாருடையது, சொல்லு" என்று ஆரம்பித்தேன். நம்முடையது அல்ல. 1492இல் கொலம்பஸ் அமெரிக்கக் கரையைத் தொடும் வரையில் நம் பக்கத்தில் ஒருவரும் மிளகாயைக் கண்டதில்லை. சங்க காலத்துத் தமிழன் காரத்துக்கு மிளகைத்தான் நம்பினான். அதற்குக் 'கறி' என்று பெயர். போர்ச்சுக்கீசியர் 1511இல் மலாக்காவைப் பிடித்தார்கள். அதே ஆண்டில் சியாமின் அயோத்தியா நகருக்குத் தூதனுப்பினார்கள். 1520களில் நம் சாந்தோமிலும் குடியேறினார்கள். அவர்களுடைய கப்பல்கள் வழியாக 16ஆம் நூற்றாண்டில் கீழை நாடுகளுக்கு வந்த சரக்கு மிளகாய்.

வந்த விருந்தாளிக்கு நாம் மிளகின் பெயரையே ஒட்டி, மிளகாய் என்றோம். சியாம்காரர்களும் அதையேதான் செய்தார்கள். அவர்கள் மொழியில் மிளகுக்குப் 'பிரிக்' என்று பெயர். அதை மிளகாய்க்குக் கொடுத்துவிட்டார்கள். பிறகு பழைய மிளகை என்ன சொல்லி அழைப்பது? 'பிரிக் தாய்', அதாவது தாய் மிளகு என்றார்கள். வீட்டுப் பிள்ளைக்கு அடைமொழி. வந்த பிள்ளைக்கு வெறும் பெயர்!

வாணலிக் கதையும் இப்படித்தான். கடுந்தீயில் சட்டென்று வறுத்தெடுக்கும் வித்தையைச் சியாமுக்குக் கொண்டுவந்தவர்கள் தென் சீனத்திலிருந்து குடியேறியவர்கள். 1767இல் அரசனான தாக்சினுடைய தகப்பனாரே அப்படி வந்த ஒரு சீனர். மலையாளத்தில் வாணலிக்கு இன்றும் சீனச்சட்டி என்றுதான் பெயர்.

"நாம் மட்டும் போகாமலா இருந்தோம்?" என்றேன். தென் தாய்லாந்தில் குளோங் தோம் என்ற ஊரில் பொற்கொல்லரின் உரைகல் ஒன்று கிடைத்திருக்கிறது. 'பெரும்பதன் கல்' என்று அதில் பழந்தமிழ் எழுத்தில் வெட்டியிருக்கிறது, கி.பி. 3 அல்லது 4ஆம் நூற்றாண்டு என்கிறார்கள். அதற்குச் சற்று வடக்கே தகுவாபாவில் 9ஆம் நூற்றாண்டுத் தமிழ்க் கல்வெட்டு. நாங்கூர்த் தலைவன் ஒருவன் அங்கே குளம் தோண்டி 'அவனி நாரணம்' என்று பெயரிட்டு, மணிக்கிராமத்து வணிகர் முதலியோரின் காவலில் விட்டானாம். அவனி நாரணன் என்பது காஞ்சியில் ஆண்ட மூன்றாம் நந்திவர்மனின் பட்டப்பெயர். அந்தப் பல்லவரின் துறைமுகமான மாமல்லபுரம் எங்கள் வீட்டு வாசலில் ஓடும் கடற்கரைச் சாலையிலேயே தெற்கே இருக்கிறது. உரைகல்லோடு போனவன் ஒருவன். குளம் வெட்டித் தங்கியவன் ஒருவன். இதே கடலைப் பார்த்துக்கொண்டுதான் போனார்கள்.

கடைசியாக என் பிரம்மாஸ்திரத்தை எடுத்தேன். பாங்காக்கில் 1784இல் கட்டிய பிராமணர் கோயில் இருக்கிறது. அங்கே ஆண்டுதோறும் நடக்கும் விழாவுக்குத் 'திரியம்பாவாய்' என்று பெயர். நம் திருவெம்பாவைதான்! எதிரே நிற்கும் பெரிய ஊஞ்சலில் ஆடும் வழக்கம் 1935இல் நின்றுவிட்டது. ஆனால் ஓதுவது நிற்கவில்லை. சொற்கள் உருமாறிவிட்டன, பொருள் மறந்துவிட்டது, மந்திரமாக ஓதுகிறார்கள்.

"அதனால் பார், இடம் மாறினால் பொருளும் மாறும். நம் பாட்டு அங்கே மந்திரம். நம் துளசி அங்கே கறியிலை, 'கப்ராவ்' என்று பெயர், செடி அதே செடி" என்று முடித்தேன்.

அவள் பொறுமையாகக் கேட்டாள். பிறகு சொன்னாள்: "அர்த்தம் மறந்துபோன பாட்டையே அவங்க இத்தனை காலம் பத்திரமா வெச்சிருக்காங்க. அர்த்தம் தெரிஞ்ச இலையை நான் வாணலியில போடணுமா?"

என் அஸ்திரம் திரும்பி வந்து என் மேலேயே விழுந்தது.

"திருநீற்றுப்பச்சை போடலாமே, அதுவும் அந்த ஊரில் உண்டு" என்று சமரசம் பேசினேன். "பெருமாள் இலை போய் இப்ப சிவன் இலையா?" என்றாள். அன்று இறால் தொக்குதான் ஆயிற்று. நன்றாகவே இருந்தது, குறை சொல்ல வழியில்லை.

மறுநாள் காலையில் பார்த்தேன். முற்றிய துளசிக் கதிர் ஒன்றை உள்ளங்கையில் கசக்கி, வெடித்த பூந்தொட்டி ஒன்றில் விதையைத் தூவிக்கொண்டிருந்தாள். தொட்டி மாடத்துக்கு எதிர்ப்புறம், கிணற்றடி ஓரத்தில் இருந்தது. "இதுக்கு நான் விளக்கு வைக்க மாட்டேன். முளைச்சா உங்களுக்கு" என்றாள்.

ஒரு பொருள் எங்கிருந்து வந்தது, எந்தக் கப்பலில் வந்தது என்று சரித்திரத்தால் சொல்ல முடிகிறது. இருபது வருஷம் தினம் அந்தியில் அதன் முன்னால் விளக்கு வைத்தவளிடம் அது என்னவாக ஆகியிருக்கிறது என்று அதற்குத் தெரிவதில்லை. மாடத்துச் செடியும் தொட்டிச் செடியும் தாவர நூலுக்கு ஒன்றுதான். எங்கள் வீட்டுக்கு இரண்டு.

இரண்டு மாதம் கழித்து, ஒரு ஞாயிற்றுக்கிழமை, தொட்டிச் செடியிலிருந்து ஒரு கைப்பிடி பறித்தேன். வாணலியில் விழுந்ததும் வீடு முழுவதும் கோயில் வாசனையும் கடல் வாசனையும் ஒன்றாக எழுந்தன. அவள் ஒரு கவளம் சாப்பிட்டாள்; இன்னொன்றும் சாப்பிட்டாள்.

"உறைப்பு ஜாஸ்தி" என்றாள்.

பிறகு கையை நன்றாகச் சோப்புப் போட்டுக் கழுவிக்கொண்டு, மாடத்துக்கு விளக்கேற்றப் போனாள்.