தேடக் கற்பித்த ஆசிரியர்

சீகாழி என்றவுடன் நம் நெஞ்சில் முதலில் எழுவது ஞானப்பால் உண்ட பிள்ளையாரின் நினைவே. அவ்வூர் 1892ஆம் ஆண்டில் மற்றொரு மைந்தரையும் நமக்கு அளித்தது. உலகெங்கும் நூலகத் துறையினர் இன்றும் போற்றும் டாக்டர் எஸ். ஆர். அரங்கநாதன் அவர். நூற்பகுப்பு முறையை வகுத்த மேதை என்று அவரைப் பாராட்டுகிறோம். ஆனால் அவர் அடிப்படையில் ஓர் ஆசிரியர் என்பதையும், அவர் வாழ்நாளெல்லாம் கற்பிக்க விரும்பியது தேடிக் கற்கும் கலையே என்பதையும் பெரும்பாலும் மறந்துவிட்டோம். பிறந்த மண்ணைவிட்டு வந்து வாழும் நம் குடும்பங்களுக்கு அந்தப் பாடம் மிகவும் வேண்டுவது.

சென்னைக் கிறித்தவக் கல்லூரியில் கணிதம் பயின்ற அரங்கநாதன், 1917 முதல் மங்களூர், கோவை, சென்னை ஆகிய ஊர்களில் அரசுக் கல்லூரிகளில் ஆசிரியராக இருந்தார். 1924ஆம் ஆண்டு சனவரியில் சென்னைப் பல்கலைக்கழகத்தின் முதல் நூலகராகப் பொறுப்பேற்றார். மாணவர் சூழ இருந்து பழகியவருக்கு ஆளரவமற்ற நூலகம் சிறைபோலத் தோன்றியது. சில நாட்களுக்குள்ளேயே மாநிலக் கல்லூரி முதல்வரிடம் சென்று, பழைய பணியையே திரும்பத் தருமாறு வேண்டினார். இங்கிலாந்து சென்று பயிற்சி பெற்று வந்த பின்னும் மனம் ஒப்பவில்லையெனில் தாராளமாகத் திரும்பலாம் என்று முதல்வர் தேற்றி அனுப்பினார்.

அந்தப் பயணமே அவரை மாற்றியது. லண்டனில் நூலகவியல் பயின்றதோடு, அந்நாட்டு நூலகங்கள் பலவற்றுக்கும் நேரில் சென்று பார்த்தார். அங்கே குழந்தைகளும் பெண்களும் தொழிலாளரும் நூலகத்தைத் தம் வீட்டு முற்றம்போல் கொண்டு பழகுவதைக் கண்டார். அத்தகைய நூலகம் ஒரு வகுப்பறைக்கு எவ்வகையிலும் குறைந்ததன்று என்பது அவருக்கு விளங்கியது. 1925இல் தாயகம் திரும்பிய பிறகு அவர் கணித வகுப்பை நாடவேயில்லை.

சென்னையில் அவர் செய்த முதற்பெரும் மாற்றம், வாசகர் தாமே நூலடுக்குகளிடையே சென்று தேட வழி திறந்துவிட்டதாகும். தேடத் தெரியாது தயங்கி நிற்பவருக்கு அருகிருந்து வழிகாட்டும் பணியாளரையும் அமர்த்தினார். 1931இல் வெளியான அவருடைய ஐந்து விதிகளின் சாரம் எளிமையானது: நூல் பயன்படுவதற்கே உரியது, ஒவ்வொருவருக்கும் ஏற்ற நூல் உண்டு, ஒவ்வொரு நூலுக்கும் ஏற்ற வாசகர் உண்டு, வாசகரின் காலம் வீணாகலாகாது, நூலகம் உயிர்போல் வளர்வது. வழிகாட்டும் பணி குறித்து 1940இலும், பள்ளி கல்லூரி நூலகங்கள் குறித்து 1942இலும் நூல்கள் எழுதினார். புதிதாக வரும் மாணவரை நூலகத்துக்கு முறையாக அறிமுகம் செய்து வைத்தல் வேண்டும் என்பது அவர் கொள்கை.

1933இல் அவர் வெளியிட்ட பகுப்பு முறையிலேயே ஒரு நல்ல பாடம் பொதிந்துள்ளது. எந்தப் பொருளையும் அவர் கூறுகூறாகப் பிரித்து நோக்கினார். தஞ்சையில் சென்ற நூற்றாண்டில் நெற்பயிரைத் தாக்கிய நோயை எவ்வாறு தடுத்தனர் என்று ஒரு மாணவன் அறிய விரும்புகிறான் எனக் கொள்வோம். பயிர் எது, அதற்கு நேர்ந்தது என்ன, மேற்கொண்ட செயல் யாது, இடம் எது, காலம் எது என்று அவன் முதலில் பிரித்துக்கொள்ள வேண்டும். அவ்வாறு பிரித்தபின் எந்த அடுக்கில் எந்த நூலை எடுப்பது என்பது தானே புலப்படும். கேள்வியைச் செம்மையாகக் கேட்கத் தெரிந்தவனே விடையைத் தேட வல்லவன். ஆராய்ச்சியின் அரிச்சுவடி இதுவே.

இப்பாடம் நம் பள்ளிகளை எட்டியதா? டாக்டர் ஆ. இலட்சுமணசாமி முதலியார் தலைமையில் 1952-53இல் ஆய்வு செய்த இடைநிலைக் கல்விக் குழு, பெரும்பாலான பள்ளிகளில் நூலகம் என்று சொல்லத்தக்க ஒன்று இல்லை என வருந்தியது. பழைய நூல்களும் பொலிவற்ற அறையும் ஆர்வமற்ற பொறுப்பாளருமே பல இடங்களில் காணப்பட்டதாகவும் அது கூறியது. நம்மில் பலர் பயின்ற பள்ளிகளை எண்ணிப் பார்த்தால் அந்தக் கூற்றில் மிகையில்லை என்பது தெரியும். அங்கே பூட்டிய கண்ணாடி அலமாரிக்கு அப்பால் நூல்கள் இருந்தன. சாவி மற்றொருவரிடம் இருந்தது. நூலின் இறுதியிலுள்ள சொல்லடைவு எதற்கு என்று நமக்கு எவரும் சொல்லித் தந்ததில்லை.

அரங்கநாதனும் நம்மைப்போல் ஊர்விட்டு ஊர் சென்றவரே. 1945இல் காசி இந்துப் பல்கலைக்கழகத்திலும், 1947இல் தில்லிப் பல்கலைக்கழகத்திலும் பணியேற்றார். 1962இல் பெங்களூரில் ஆவண ஆய்வுப் பயிற்சி மையத்தைத் தொடங்கினார். 1972இல் மறையும்வரை சென்றவிடமெல்லாம் மாணவரை உருவாக்கினார். தம் சேமிப்பிலிருந்து இலட்சம் ரூபாயைச் சென்னைப் பல்கலைக்கழகத்துக்கு வழங்கித் தம் துணைவியார் சாரதை பெயரில் பேராசிரியர் பதவி ஒன்று அமைய வழிசெய்தார்.

ஊரில் வாழும் பிள்ளைக்கு ஐயம் எழுந்தால் கேட்பதற்குப் பாட்டி உண்டு, கோயில் ஓதுவார் உண்டு, தமிழாசிரியர் உண்டு. வேற்று மாநிலத்தில் வளரும் நம் பிள்ளைக்கு அத்துணை வாயில்கள் இல்லை. நாம் அறிந்ததும் சிறிதே. அதுவும் நம்மோடு போய்விடும். கைப்பேசியைத் தொட்டால் இன்று ஆயிரம் விடைகள் வந்து குவிகின்றன என்பது உண்மையே. அவற்றுள் எதை யார் எழுதினார், எப்போது எழுதினார், எந்தச் சான்றுகொண்டு எழுதினார் என்று கேட்கத் தெரியாவிடில், அந்த ஆயிரமும் பிள்ளையைக் குழப்புமேயன்றித் தெளிவிக்கா.

ஆகவே நம் சங்கங்களின் நூலகங்களில் மாதத்துக்கு ஒரு ஞாயிற்றுக்கிழமையேனும் பிள்ளைகளுக்குத் தேடும் பாடம் நடத்துவோமாக. சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ்ப் பேரகராதி 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வந்தது. தமிழ் வளர்ச்சிக் கழகத்தின் கலைக்களஞ்சியம் 1954 முதல் 1968 வரை பத்துத் தொகுதிகளாக வந்தது. இவற்றைப் பிள்ளைகள் கையில் கொடுத்து, தம் குடும்பத்தின் சொந்த ஊரைப் பற்றி ஒரு கேள்வி எழுப்பி விடை தேடச் சொல்வோம். அகர வரிசையில் சொல்லைக் காண்பதற்கும், இரு நூல்கள் முரண்பட்டால் மூன்றாவதை நாடுவதற்கும், கண்டதை எந்த நூலில் எந்தப் பக்கத்தில் கண்டோம் என்று குறித்து வைப்பதற்கும் அவர்கள் பழகட்டும். விடையை நாம் சொல்லிவிட வேண்டா. அருகில் அமர்ந்திருந்தால் போதும். அலமாரிச் சாவி மட்டும் இனி நம் இடுப்பில் இருக்க வேண்டா.