உப்புக் கணக்கும் ஒரு நாவலும்

புத்தளம் மாவட்டத்தில் மதுரங்குளியை அடுத்துள்ள சிற்றூர் கனமூலை. வரலாற்று நூல்களில் இவ்வூரின் பெயரைத் தேடுவோர் ஏமாற்றமே அடைவர். ஆயினும், இந்தக் களப்புக் கரையில் விளைந்த உப்பு பேரரசுகளின் கணக்கேடுகளிலெல்லாம் ஏறியிருக்கிறது.

கண்டி இராச்சியத்துக்கு உப்பு அனுப்பிய கரை இது. 1766ஆம் ஆண்டு உடன்படிக்கையால் ஒல்லாந்தர் கண்டியிடமிருந்து கரையோரம் முழுவதையும் பறித்துக்கொண்டனர். கடலை இழந்த அரசு உப்புக்கும் அன்னியன் கையை எதிர்பார்க்க நேர்ந்தது. 1796இல் கரையைக் கைப்பற்றிய ஆங்கிலேயரின் ஆட்சியிலும் உப்பு அரசின் ஏகபோகமாகவே இருந்தது. 1930இல் தண்டியிலும் வேதாரணியத்திலும் மக்கள் மீறியது இத்தகைய ஏகபோகத்தைத்தான்.

இக்கரையைப் பற்றி எழுத்துச் சான்று இல்லாமலில்லை. 1807இல் கற்பிட்டியில் பிறந்த சைமன் காசிச்செட்டி 1834இல் இலங்கைக் கசெட்டியரை வெளியிட்டார். அரிய உழைப்பு அது. ஆனால் கசெட்டியர் ஊரின் பெயரைச் சொல்லும். ஊரானின் பசியைச் சொல்லாது. அதைச் சொல்லப் புனைகதை வரவேண்டியிருந்தது.

அப்புனைகதையை எழுதியவரும் உப்புக் கணக்குப் பார்த்த ஓர் அதிகாரியே என்பது விந்தை. லெனாட் வுல்ஃப் 1908 முதல் 1911 வரை தென்கோடி அம்பாந்தோட்டையில் உதவி அரசாங்க அதிபராயிருந்தார். அங்கும் அரசுக்கு உப்புச் சேகரிப்பது அவர் கடமைகளுள் ஒன்று. அவர் நாள்தோறும் எழுதிய உத்தியோகக் குறிப்புகள் ஒருபுறம் இருக்க, பதவியைத் துறந்தபின் 1913இல் ‘காட்டிலுள்ள கிராமம்’ என்னும் பொருள்படும் ஆங்கில நாவலை வெளியிட்டார்.

அந்நாவலில் சேனைப் பயிருக்கு அனுமதி வேண்டும். அனுமதி ஊர்த் தலைவன் கையில். கடன் வட்டிக்காரன் கையில். குற்றமற்ற பாபுன் தனக்குப் புரியாத மொழியில் விசாரிக்கப்பட்டுச் சிறை புகுந்து, அங்கேயே மடிகிறான். சிலிந்துவின் துப்பாக்கி இருவரைக் கொல்கிறது. இறுதியில் கிராமத்தையே காடு விழுங்குகிறது.

இங்கே நாம் நின்று கேட்க வேண்டும்: கிராமத்தை அழித்தது காடா? 1840ஆம் ஆண்டுச் சட்டம், தனியார் உரிமை நிரூபிக்கப்படாத காட்டையும் தரிசையும் முடிக்குரிய சொத்தெனக் கொண்டது. பாட்டன் உழைத்த சேனையில் பேரன் அனுமதிச் சீட்டுக்குக் கையேந்தினான். அச்சட்டத்தை நடத்தியவர்களுள் நாவலாசிரியரும் ஒருவர். அவருடைய மனச்சான்று உழவனின் துயரைக் கண்டது. ஆனால் அவர் கதை இறுதிப் பழியைக் காட்டின்மேல் போட்டது. சுரண்டலின் சாட்சியம் முழுவதும் அந்நூலில் இருக்கிறது. தீர்ப்பு மட்டும் தவறிவிட்டது. ஆகவே நாவலைச் சட்டப் புத்தகத்தோடும், சட்டப் புத்தகத்தை நாவலோடும் சேர்த்தே படித்தல் வேண்டும்.

1948இல் கொடி மாறியது. முடிக்குரிய நிலம் பின்னர் அரச காணியாயிற்று. பெயர் மாற்றம் உழுபவனுக்கும் உப்பு வாருபவனுக்கும் என்ன தந்தது என்பதை அவர்களே சொல்லவேண்டும். அதிபர் ஒருவர் வந்து எழுதித் தரும்வரை இனியும் காத்திருப்பதா? கனமூலை போன்ற ஊர்களின் ஆசிரியர்களும் மாணவர்களும் முதியோரின் நினைவுகளை இன்றே எழுதி வைக்கட்டும். உப்பின் எடையை ஆண்டவர்கள் எழுதிவிட்டார்கள். அதில் கரைந்த வியர்வையின் கணக்கை எழுதவேண்டியவர்கள் நாம்.